எறும்பு வராத வீடு

புதிதாக வேலைக்குச் சேர்ந்திருக்கும் உங்களைப் பார்த்தால் முதலில் எனக்குப் பொறாமைதான் வருகிறது. அதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றதைப் பேச வேண்டும். உங்களுக்கு ஏசி வண்டி கொடுக்கிறார்களாம். நிலத்தின் எல்லை போன் திரையிலேயே தெரிகிறதாம். எங்களுக்கு வாய்த்தது ஒரு பழைய மண் பரிசோதனை வேன். மழைக்காலத்தில் அதற்குள்ளேயே குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருப்போம். ஆனாலும் இன்றைக்கு யாராவது அந்த வேனைக் கொண்டுவந்து வாசலில் நிறுத்தினால், முட்டிவலியை மறந்து ஏறி உட்கார்ந்துவிடுவேன்.

அதை ஓட்டியவர் சம்பந்தம் அண்ணன். உலகத்தில் எந்த விஷயத்தைப் பற்றியும் அவருக்கு ஒரு கருத்து உண்டு, நாம் கேட்கிறோமா இல்லையா என்பது அவருக்கு முக்கியமில்லை. காலையில் சீக்கிரம் கிளம்பினால் வண்டலூர் மிருகக்காட்சி சாலைப் பக்கம் நிறுத்திவிட்டு இட்லிப் பொட்டலத்தைப் பிரிப்போம். உள்ளே எங்கேயோ சிங்கம் கர்ஜிக்கும். "பாஸ் எந்திரிச்சுட்டாரு, கெளம்புவோம் மேடம்" என்பார். தினமும் அதே ஜோக்தான். தினமும் சிரித்திருக்கிறேன்.

சாயங்காலம் ஆபீஸ் திரும்பினால் வராந்தா முழுக்கப் பேப்பர் விரித்து, எடுத்துவந்த மண்ணையெல்லாம் நிழலில் உலர்த்துவோம். நடக்க இடம் இருக்காது. ஒரு பிடி எடுத்து முகர்ந்து பார்த்து, இது முடிச்சூர், இது வண்டலூர் என்று எங்களுக்குள் பந்தயம் கட்டுவோம். பாதி நாள் தப்பாகத்தான் சொல்வோம். இருந்தாலும் மண்ணைப் படித்தவர்கள் என்று ஒரு மிதப்பு எங்களுக்கு இருந்தது. அந்த மிதப்பும் அந்த வராந்தாவும் எனக்கு இன்னும் வேண்டியிருக்கின்றன.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். உங்கள் கையில் மண்வெட்டியைக் கொடுத்த முதல் நாளே சொல்லியிருப்பார்கள். வரப்பு ஓரம் எடுக்காதே, மர நிழலில் எடுக்காதே, எருக்குழிப் பக்கம் போகாதே, வீட்டை ஒட்டி எடுக்கவே எடுக்காதே. நிலத்தில் பரவலாகப் பல இடங்களில் எடுத்து, ஒரே வாளியில் கொட்டிக் கலந்து, நாலாகப் பிரித்து, எதிரெதிர்ப் பங்கைத் தள்ளிவிட்டு, கடைசியில் மிஞ்சுவதை ஒரு பையில் கட்டு. நல்ல விதிதான். உரம் எவ்வளவு போடலாம் என்று சொல்ல நிலத்தின் பொதுவான குணம் தெரிய வேண்டும், அதற்கு இதைவிட நல்ல வழி கிடையாது. அந்த நல்ல விதி எங்களைக் குப்புறத் தள்ளப் பார்த்தது ஒரு தடவை. அதைத்தான் சொல்லப் போகிறேன்.

பெருவெள்ளம் வந்து போய்ச் சில வருஷங்கள் ஆகியிருந்தன. முடிச்சூரில் நாலு பக்கமும் அடுக்குமாடி எழும்பிவிட்ட ஒரு தெருவில், நடுவில் ஒரு துண்டு நிலம் மட்டும் பச்சையாக மிஞ்சியிருந்தது. நிலத்துக்காரர் நகரத்தில் இருந்தார். விலை ஏறட்டும் என்று காத்திருந்தவர், அதுவரை சும்மா கிடக்க வேண்டாமே என்று குமார் என்பவருக்குக் குத்தகைக்கு விட்டிருந்தார். குமாரும் அவர் மனைவி தேவகியும் அதில் கீரை போட்டார்கள். அரைக்கீரை, சிறுகீரை, முளைக்கீரை, ஓரத்தில் கொஞ்சம் புளிச்சக்கீரை.

நிலத்தின் ஒரு மூலையில் இடித்துப்போட்ட ஏதோ கட்டடத்தின் சிமெண்ட் மேடை இருந்தது. வெள்ளத்தில் தெருவே மூழ்கியபோதும் அந்த மேடை முழுகவில்லை என்று அக்கம்பக்கத்தில் சொன்னார்களாம். அதனால் அதன் மேலேயே, சுற்றி மண்ணில் சவுக்குக் கம்பு நட்டு, தகரம் போட்டு வீடு கட்டிக்கொண்டார்கள். அடுப்படி மட்டும் மேடைக்குப் பின்னால், வெறும் மண் தரையில், பக்கத்திலேயே அடிகுழாய். அவர்கள் குழந்தை யாழினி பிறந்து தவழ ஆரம்பித்தது அந்த அடுப்படி மண்ணில்தான்.

எதிர்க் குடியிருப்பில் ஸ்டெல்லா டீச்சர் இருந்தார். பள்ளி ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவர், குடியிருப்போர் சங்கத்தின் செயலாளர். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து திரும்பும்போது தேவகியிடம் கீரை வாங்கிக்கொண்டுதான் வீட்டுக்குப் போவார். அவர் சொல்லித்தான் குடியிருப்பில் நிறையப் பேர் வாங்க ஆரம்பித்தார்கள். பிறகு ஒரு புகார் கிளம்பியது. மழை பெய்தால் அந்த நிலத்திலிருந்து ஒரு வாடை வருகிறது, குமார் திருட்டுத்தனமாக மருந்து அடிக்கிறார் என்றார்கள். குமார் குதித்தார். "ஒரு சொட்டு மருந்து அட்ச்சதில்ல டீச்சர். எதுக்கு அடிக்கணும்? பூச்சியே வர்றதில்ல. வந்து பாத்துக்கோங்க!"

டீச்சர் நம்பினார். தினமும் பால்கனியிலிருந்து அந்த நிலத்தைப் பார்ப்பவர் அவர். குமார் முதுகில் மருந்து டேங்க் ஏறியதை அவர் ஒருநாளும் பார்த்ததில்லை. சரி, பேசுகிறவர்கள் வாயைப் பரிசோதனை வைத்தே அடைத்துவிடலாம் என்று எங்கள் ஆபீசுக்கு வந்தார். மண்ணில் பூச்சிமருந்து இல்லை என்று ஒரு வரி கிடைத்தால் போதும், தாம்பரத்தில் ஒரு கடை மொத்தக் கீரையையும் தினமும் எடுத்துக்கொள்ளத் தயார். குமார் குடும்பத்துக்கு அதுதான் பிழைப்பு, அதுதான் கனவு. அந்த நிலத்தை விட்டால் அவர்களுக்குத் தலைக்கு மேல் கூரையும் இல்லை.

ஆபீசிலிருந்து ஆள் போய் விதிப்படி மண் எடுத்து வந்தார். வீட்டு ஓரம் எடுக்கவில்லை, எடுக்கவும் கூடாது. யார் போயிருந்தாலும் அப்படித்தான் எடுத்திருப்பார்கள். பூச்சிமருந்து மிச்சம் இருக்கிறதா என்று பார்க்கும் ஆய்வகத்துக்கு அனுப்பினோம். சுத்தம் என்று பதில் வந்தது. நல்ல செய்தி கொண்டுபோகும் வாய்ப்பு நம் வேலையில் எப்போதாவதுதான் கிடைக்கும், அதை யாருக்கும் விட்டுக்கொடுக்காமல் நானே எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

காலையில் லேசாகத் தூறியிருந்தது. நாங்கள் போய் இறங்கும்போதே ஸ்டெல்லா டீச்சர் குமார் வீட்டில் கேக் டப்பாவோடு உட்கார்ந்திருந்தார். குமார் புதுச் சட்டை போட்டிருந்தார்.

"இன்னா மேடம், ரிப்போர்ட்டு வந்துட்ச்சா? மூஞ்சியப் பாத்தாலே தெரியுது, நல்ல சேதிதான்" என்றார்.

"நல்ல சேதிதான். ஒரு டீ கொடுங்க, சொல்றேன்" என்றேன். பிகு பண்ணிக்கொள்வதில் ஒரு சுகம், வேறென்ன. அந்த டீ வரவில்லையென்றால், நான் பையைத் திறந்து காகிதத்தைக் கொடுத்துவிட்டு, கேக்கும் தின்றுவிட்டு வந்திருப்பேன்.

தேவகி அடுப்படியில் டீ போட்டாள். சர்க்கரை டப்பா தரையில் மூடியில்லாமல் இருந்தது. டீச்சர் கேக்கை வெட்டியதில் துணுக்குகள் சிதறின. யாழினி அவற்றைப் பொறுக்கிக்கொண்டு தவழ்ந்தாள்.

"டப்பாவை மூடி வைம்மா, எறும்பு மொய்க்கும்" என்றேன்.

தேவகி சிரித்தாள். "எங்க வூட்ல எறும்பா? ஒண்ணு கூட கெடையாது மேடம். ராத்திரி முழுக்கத் தொறந்து கெடந்தாலும் வராது. எங்க அம்மா வந்தா அதிசயமா பாக்கும். எங்க நேரம் நல்லா கீதுன்னு சொல்லும்."

"கறையான் கூட கெடையாது" என்று குமார் சேர்ந்துகொண்டார். வீட்டுக் கம்பு ஒன்றைத் தட்டிக் காட்டினார். "நாங்க வந்தப்ப நட்டது, ரெண்டு மூணு மழை பாத்துட்ச்சு. அப்டியே கீது பாருங்க, கல்லாட்டம்."

கம்பு மண்ணுக்குள் இறங்கும் இடத்தைப் பார்த்தேன், ஒரு அரிப்புகூட இல்லை. எனக்குக் கையில் இருந்த டீ கசந்துபோனது.

எங்கள் அத்தாவுக்கு, அப்பாவை அப்படித்தான் கூப்பிடுவோம், மேற்குத் தாம்பரத்தில் மரக்கடை. சவுக்குக் கம்பும் மூங்கிலும்தான் முக்கியமான வியாபாரம். நான் வளர்ந்ததே அந்தக் கடைக்குள். எங்கள் வீட்டில் கறையானைப் பற்றிப் பேசாமல் ஒரு நாள் சாப்பாடு முடிந்ததில்லை. மண்ணில் நட்ட சவுக்கு ஒரு மழைக்காலம் தாண்டினால் அத்தா அதிசயம் என்பார். இரண்டு தாண்டினால் "எவனோ மருந்து ஊத்திருக்கான்" என்பார். விவசாயக் கல்லூரியில் எனக்கு எவ்வளவோ சொல்லிக்கொடுத்தார்கள். அன்றைக்கு என் காதில் கேட்டது அத்தாவின் குரல் மட்டும்தான்.

"கொழந்தை உடம்பு எப்படி இருக்கு?" என்று கேட்டேன். ஏன் அதைக் கேட்டேன் என்று எனக்கே தெரியவில்லை.

தேவகியின் முகம் மாறியது. "நல்லாத்தான் கீறா மேடம். நடுவுல ரெண்டு தபா இழுத்துட்ச்சு. ஜொரம் கூட இல்ல. ஆஸ்பத்திரில காட்னோம், வளந்தா சரியாப் பூடும்னாங்க." பிறகு குழந்தையின் வாயைத் துடைத்தபடி செல்லமாகக் கோபித்துக்கொண்டாள். "இது வேற, பாக்காத நேரத்துல மண்ண அள்ளித் துண்ணுது."

நான் எழுந்து அடுப்படிக்குப் பின்பக்கம் போய்க் குனிந்து ஒரு பிடி ஈரமண்ணை எடுத்தேன். பந்தயம் கட்டி முகர்ந்து பார்த்த ஆள்தானே நான். இந்தத் தடவை தப்பு வரவில்லை. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் வெள்ளைப் பொடியாக மூட்டையில் வரும் ஒரு பூச்சிமருந்து இருந்தது. தூவினால் வயலே வெளுத்துக் கிடக்கும். மண்ணில் விழுந்தால் லேசில் போகாது என்று பிற்பாடு தடை செய்துவிட்டார்கள். அந்த மூட்டைகள் அடுக்கிய அறைக்குள் நுழைந்தால் ஒரு பூஞ்சை வாடை மூக்கில் ஏறும். அதே வாடை.

"இந்த மேடை முன்னாடி என்னவா இருந்துச்சு?"

"எதோ பழைய குடோனாம் மேடம். நாங்க வர்றதுக்கு முன்னாலயே இட்ச்சுட்டாங்க" என்றார் குமார். "இன்னா குடோன்னு யாருக்குத் தெரியும்? ஏன், இன்னா ஆச்சு?"

ஒரு போன் பேசிவிட்டு வருகிறேன் என்று வேனுக்குப் போனேன். சம்பந்தம் அண்ணன் என் முகத்தைப் பார்த்துவிட்டு, வாழ்க்கையில் முதல் தடவையாக எந்தக் கருத்தும் சொல்லாமல் இறங்கிப் போனார்.

எங்கள் மேலதிகாரி ஒரு சிடுமூஞ்சி. ஆபீசே அவருக்கு நடுங்கும். அவருக்குத்தான் போன் போட்டேன்.

"சார், ரிப்போர்ட்டைக் கொடுக்கலாமான்னு தெரியலை."

"ஏன்? சுத்தம்னுதானே வந்திருக்கு?"

"இங்க எறும்பு இல்லை சார்."

"எறும்பா?" என்றார்.

"எறும்பு, கறையான் எதுவுமே இல்லை. வீட்டு ஓரத்து மண்ணுல பழைய பவுடர் வாடை அடிக்குது. அங்கதான் நாம மண்ணே எடுக்கலை. குழந்தைக்கு ஜுரம் இல்லாம வலிப்பு வந்திருக்கு."

திட்டப் போகிறார் என்று காதிலிருந்து போனைக் கொஞ்சம் தள்ளி வைத்துக்கொண்டேன். அவர் நிதானமாகக் கேட்டார். "எறும்பு இல்லைன்னு ஃபைல்ல எழுத முடியுமா?"

"முடியாது சார்."

"அப்போ எழுதாதீங்க. ரிப்போர்ட்டையும் கொடுக்காதீங்க. உங்க பையில இருக்கற வரைக்கும் அது வெறும் பேப்பர். அவங்க கைக்குப் போயிட்டா சர்க்கார் சொன்ன வார்த்தை, திரும்ப வாங்க முடியாது. மறுபடியும் மண்ணு எடுங்க. எங்க எடுக்கணும்னு தோணுதோ அங்க எடுங்க. மேல யாராவது கேட்டா நான் சொன்னேன்னு சொல்லிடுங்க."

"முடிவு வர வாரக்கணக்குல ஆகும் சார். அதுவரைக்கும் அந்தக் கொழந்தை?"

"அதை நான் இங்க உக்காந்துகிட்டுச் சொல்ல முடியாதும்மா. நீங்கதான் அங்க இருக்கீங்க" என்றார்.

அவர் என்னை 'அம்மா' என்று கூப்பிட்டது அந்த ஒரு தடவைதான். இப்போது அவர் இல்லை. அந்த மாதிரி ஒரு சிடுமூஞ்சியின் கீழே வேலை பார்த்தேனே என்று நினைத்தால் இன்னும் மனசு நிறைகிறது. உங்களுக்கும் அப்படி ஒருத்தர் வாய்க்கட்டும்.

திரும்பிப் போய்ச் சொன்னேன். சுற்றி வளைக்கவில்லை. நிலத்தில் எடுத்த மண் சுத்தமாக இருக்கிறது, ஆனால் இந்த வீட்டு மூலையில் எனக்குச் சந்தேகம், மறுபடி எடுக்க வேண்டும், அதுவரை ரிப்போர்ட் தர மாட்டேன், கீரையும் அறுக்க வேண்டாம், அடிகுழாய்த் தண்ணீரும் குடிக்க வேண்டாம் என்றேன்.

ஸ்டெல்லா டீச்சர் கேக் டப்பாவை மெதுவாக மூடினார். "எறும்பு வரலைங்கறதுக்காகவா மேடம்?" என்றார். குரலில் கேலி இல்லை, நம்ப முடியவில்லை, அவ்வளவுதான்.

குமாருக்கு முகம் சிவந்துவிட்டது. "சுத்தம்னு நீங்களே சொல்றீங்கோ, பையில பேப்பர் கீதுன்றீங்கோ, ஆனா தர மாட்டேன்றீங்கோ. இன்னா நாயம் இது? நாளைக்கு அந்தக் கடைக்காரன் வேற ஆளப் பாத்துக்குவான். எறும்பு இல்லன்னு எங்க சோத்துல மண்ணப் போடுறீங்களே மேடம்!"

அவர் சொன்னதில் ஒரு எழுத்துகூடத் தப்பில்லை. சந்தேகம் என்பது எனக்கு ஒரு வார்த்தை, அவருக்கு அது வீடும் வாசலும். நான் சொல்வது பொய்யாகிப்போனால் எனக்குக் கொஞ்சம் தலைகுனிவு, அவருக்கு நடுத்தெரு. பயமாக இருந்தது. உங்களிடம் மறைக்க என்ன இருக்கிறது, காகிதத்தைக் கொடுத்துவிட்டு வேனில் ஏறிவிடலாமா என்றுகூட ஒரு கணம் தோன்றியது.

தேவகி குழந்தையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு எனக்கு நேர் எதிரே வந்து நின்றாள்.

"மேடம், இது உங்க கொழந்தையா இருந்தா நீங்க இன்னா பண்ணுவீங்க?"

நம் படிப்பில் இந்தக் கேள்வி கிடையாது. பரிசோதனை முடியட்டும், முடிவு வந்த பிறகுதான் சொல்ல முடியும் என்று தப்பித்துக்கொள்ளலாம். சட்டப்படி அது சரியான பதிலும்கூட. ஆனால் அவள் கேட்டது மண்ணைப் பற்றி இல்லை, என்னைப் பற்றி. எனக்குப் பதில் தெரிந்திருந்தது. தெரிந்த பதிலைத் தெரியாது என்று சொல்ல வாய் வரவில்லை.

"இப்பவே தூக்கிட்டுப் போயிடுவேம்மா" என்றேன். "ஒரு ராத்திரிகூட இங்க படுக்க வைக்க மாட்டேன்."

அவள் உள்ளே போனாள். ஒரு துணிப் பையும் குழந்தையின் பால் புட்டியும் எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள். "திருமுடிவாக்கத்துல அண்ணன் வூட்டுக்குப் போறேன். நீ பேசி முட்ச்சுட்டு வா" என்று குமாரிடம் சொன்னாள். அழவில்லை, சண்டை போடவில்லை, திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. சம்பந்தம் அண்ணன் யாரும் சொல்லாமலே வேன் கதவைத் திறந்து, அவர்களை ஏற்றிக்கொண்டு போனார்.

நான் சொன்னதற்கு அப்போது ஒரு சாட்சியும் கிடையாது என்பதை நினைவில் வையுங்கள். ஒரு பிடி மண்ணும் ஒரு வாடையும்தான். அதை நம்பி ஒரு தாய் வீட்டை விட்டுப் போனாள்.

குமாருக்கு அந்தக் கோபம் தாங்கவில்லை. கடப்பாரையை எடுத்துக்கொண்டு வீட்டுப் பின்பக்கம் போனார். "இன்னா கீது இங்க? பாத்துடலாம் வாங்க! தோண்டிப் பாத்துட்டு, ஒண்ணும் இல்லன்னு உங்க வாயாலயே சொல்லிட்டுப் போங்க!" என்று மேடையை ஒட்டிக் குத்தினார். வேண்டாம் என்று நானும் டீச்சரும் கத்தினோம். அவர் காதில் ஏறவில்லை. புதுச் சட்டை முதுகோடு ஒட்டும் அளவுக்குக் குத்தினார். முழங்கால் ஆழம் போயிருக்கும். மக்கிப்போன சாக்குத் துணி ஒன்று கடப்பாரை முனையில் சிக்கிக்கொண்டு மேலே வந்தது. அதன் கீழே, சுண்ணாம்புக் கட்டி மாதிரி, அழுக்கு வெள்ளையில் கட்டிகட்டியாக இருந்தது. வாடை குபீரென்று மேலே எழுந்தது. டீச்சர் முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டார்.

குமார் கடப்பாரையை நழுவ விட்டார். பிறகு "இங்கதான மேடம் கொழந்தைக்கு சோறு ஊட்டுவா" என்றார்.

குளிக்கச் சொல்லி அவரை டீச்சர் வீட்டுக்கு அனுப்பிவிட்டு, அந்தக் குழியிலிருந்தும் வீட்டைச் சுற்றியும் தனித்தனிப் பையில் மண் எடுத்தேன். எதையும் எதோடும் கலக்கவில்லை. பிற்பாடு விசாரித்ததில், எந்தக் காலத்திலோ அங்கே பூச்சிமருந்துக் கிடங்கு ஒன்று இருந்ததும், தொழிலை மூடியவர்கள் விற்காத சரக்கை அங்கேயே புதைத்துவிட்டுப் போனதும் தெரிந்தது. நிலத்தின் மற்ற பகுதி ஓரளவுக்குப் பரவாயில்லை. வீட்டு மூலையும் அதை ஒட்டிய கீரைப் பாத்தியும் அடிகுழாயும் மோசம். எல்லா இடத்து மண்ணையும் ஒரே வாளியில் கலந்திருந்தால்கூட அது அமுங்கிப் போயிருக்கலாம். சேர்ந்து கிடக்கும் விஷத்தைத் தேடும்போது சராசரி உதவாது. நாங்கள் அதைக் கற்றுக்கொண்டது அப்படித்தான்.

ஸ்டெல்லா டீச்சரைப் பற்றியும் சொல்ல வேண்டும். அவர் நினைத்திருந்தால் வாயை மூடிக்கொண்டிருக்கலாம். குடியிருப்பில் ஒவ்வொரு வீடாகக் கதவைத் தட்டி, "நான் சொல்லித்தான் நீங்க வாங்குனீங்க, இனிமே வாங்காதீங்க, வீட்டுல இருக்கறதையும் கொட்டிடுங்க" என்று சொல்லிக்கொண்டு வந்தார். சிலர் அவரை நிற்க வைத்துக் கேள்வி கேட்டார்கள். நின்று பதில் சொன்னார்.

அந்த இடத்தைச் சுற்றி வேலி போட்டார்கள். மண்ணை அள்ளிக்கொண்டு போக ஆள் வருவார்கள் என்றார்கள், நான் கடைசியாகப் பார்த்தவரைக்கும் வரவில்லை. சுற்றிலும் மாடி மேல் மாடி, நடுவில் அது மட்டும் காலி. ஏன் யாரும் இதை வாங்கவில்லை என்று புதிதாகக் குடிவந்தவர்கள் ஆச்சரியப்படுகிறார்கள்.

குமார் மச்சானோடு சேர்ந்து திருமுடிவாக்கத்தில் ஒரு கம்பெனியில் இரும்பு அறுக்கும் வேலைக்குப் போனார். ரொம்ப நாள் என்னோடு பேசவில்லை. போன் போட்டால் தேவகிதான் எடுப்பாள். யாழினிக்கு அதன் பிறகு வலிப்பு வரவில்லை என்பாள். அந்த வலிப்புக்கு அந்த மண்தான் காரணமா என்று எந்த டாக்டரும் அடித்துச் சொன்னதில்லை, நானும் சொல்ல மாட்டேன். வரவில்லை என்பதே போதும் என்று அல்லாவுக்கு நன்றி சொல்லிக்கொள்வேன்.

பிறகு ஒருநாள் குமார் ஆபீஸ் வாசலில் வந்து நின்றார். "இரும்புத் தூசி ஒத்துக்கல மேடம். ஒரே பேஜார். வண்டலூர்ப் பக்கம் ஒரு எடம் குத்தகைக்குக் கெடைக்குது. வெதை வாங்கி வெச்சுட்டேன். ஆனா நீங்க வந்து பாத்தாத்தான் போடுவேன்" என்றார். கொஞ்சம் தயங்கி, "எங்க எங்க தோண்டணும்னு சொல்லுங்க, நானே தோண்டறேன்" என்றார்.

தோண்டினார். வீடு கட்ட நினைத்த இடம், கிணற்றடி, வேலி ஓரம், போகக்கூடாது என்று விதி சொல்லும் இடம் எதையும் விடவில்லை. முடிவு வந்ததும் சம்பந்தம் அண்ணனும் நானும் வேனை எடுத்துக்கொண்டு போனோம். நான் ஓய்வு பெறும் காலம் நெருங்கியிருந்தது. அந்த வேனில் போன கடைசிச் சில பயணங்களில் ஒன்று அது.

காகிதத்தைக் குமார் கையில் கொடுத்தேன். அவர் படிக்கவில்லை. "வாயால சொல்லுங்க மேடம்" என்றார். "நல்ல மண்ணு" என்றேன்.

யாழினி தேவகியின் இடுப்பில் இருந்தாள். வளர்ந்துவிட்டாள், சிமெண்ட் தரையில் ஓடுவாளாம். ஆனால் அன்றைக்கு அந்த வீட்டை விட்டுக் கிளம்பியதிலிருந்து தேவகி அவளை ஒரு தடவைகூட மண்ணில் விட்டதில்லை. தெருவில் விடமாட்டாள், கோயிலுக்குப் போனாலும் தூக்கியே வைத்திருப்பாள்.

"எறக்கி வுடட்டுமா மேடம்?" என்று கேட்டாள்.

"இறக்கி விடும்மா."

இறக்கினாள். குழந்தையின் பாதம் மண்ணைத் தொடவில்லை. இரண்டு காலையும் வயிற்றோடு மடக்கிக்கொண்டு அம்மாவின் கழுத்தைக் கட்டிக்கொண்டது. கீழே விரலை நீட்டி "சீ" என்றது. "மண்ணு சீ."

தேவகிக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை. இத்தனை நாளாக அவளே சொல்லிக்கொடுத்த வார்த்தை அது. புடவை அழுக்காவதைப் பார்க்காமல் அப்படியே மண்ணில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டாள். ஒரு பிடி அள்ளித் தன் கையிலேயே தேய்த்துக் காட்டினாள்.

"சீ இல்லடி கண்ணு. இது நல்ல மண்ணு. பாரு, அம்மா ஒக்காந்துகினு கீறேன் பாரு."

யாழினி அவள் மடியிலிருந்து ஒரு விரலை மட்டும் நீட்டி மண்ணைத் தொட்டுப் பார்த்தாள். எடுத்துக்கொண்டாள். மறுபடி தொட்டாள். கொஞ்ச நேரம் கழித்து உள்ளங்கை முழுவதையும் வைத்து அழுத்தினாள். தேவகி இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு, அன்றைக்கு அழாததையெல்லாம் சேர்த்து வாய்விட்டு அழுதாள்.